தடையுத்தரவோடு கோயிலுக்குப் போகாதே

அன்பு மகளே,

நேற்று நீ பேசிக்கொண்டிருக்கும்போதே லைன் போய்விட்டது என்று நினைத்திருப்பாய். போகவில்லை. நான்தான் துண்டித்தேன். "வெள்ளிக்கிழமை குழித்துறைக் கோர்ட்டுல ஃபைல் பண்றோம்பா. உற்சவத்துக்கு முந்தி ஒரு தடை கிடைச்சாப் போதும். ஆர்டரைக் கையில வச்சிட்டு நானே கோயிலுக்குப் போய் நிப்பேன், யாரு தடுக்கான்னு பாக்கேன்" என்று நீ சொன்னாய். அந்தக் கடைசி வாக்கியத்தைக் கேட்டதும்தான் துண்டித்தேன். பதினெட்டு வருஷத்துக்கு முன்னால், இதே முன்னறையில் நின்று, ஏறக்குறைய இதே வார்த்தைகளை நான் சொல்லியிருக்கிறேன். அதற்கு மறுநாள் நடந்தது உனக்கு முழுதாகத் தெரியாது. நீ அப்போது கோயம்புத்தூரில் படித்துக்கொண்டிருந்தாய். உனக்குச் சொன்னதெல்லாம் நான் சொல்ல விரும்பியது மட்டும்தான்.

நீ வாட்ஸாப்பில் அனுப்பிய வழக்குப் பிராதை மூன்று முறை படித்தேன். "சிரஸ்தாரா இருந்த ஆளுதான, ஒரு தடவ பாத்துத் திருத்தித் தாங்கப்பா" என்று கேட்டிருந்தாய். முப்பது வருஷம் கோர்ட் ஆபீசில் அதுதானே என் வேலை. வருகிற பிராது சரியான கோர்ட்டுக்குத்தான் வந்திருக்கிறதா, சட்டம் அதைத் தடுக்கிறதா என்று பார்த்து, சந்தேகம் இருந்தால் குறிப்பெழுதி நீதிபதியின் மேசைக்கு அனுப்புவது. அந்தக் கண்ணோடு பார்த்தால் உன் பிராதில் இரண்டு தவறு இருக்கிறது. ஒன்று, அது போகவேண்டிய இடம் குழித்துறைக் கோர்ட் இல்லை. இரண்டாவது, ஏழாம் பாரா. முதல் தவறைச் சொல்வது எளிது, அதனால் அதை முதலில் சொல்கிறேன். ஏழாம் பாராவுக்கு வருவதற்கு எனக்குப் பயமாக இருக்கிறது. இந்தக் கடிதத்தை நீ மட்டும் படிக்கப் போவதில்லை. ஆகவே உனக்குத் தெரிந்ததையும் சேர்த்தே எழுதுகிறேன்.

நம் சாஸ்தா கோயில் இரண்டு வீட்டாருக்குப் பொது. ஒரு வருஷம் நாம் நடத்துவோம், அடுத்த வருஷம் என் சித்தப்பா வீட்டார் நடத்துவார்கள். சித்தப்பா மகன் சுகுமாரன் அப்போது சவூதியில், தம்மாமில் வேலையாக இருந்தான். சித்தப்பா இறந்தது அவர்களுடைய முறை வருஷத்தில். துக்கம் கழியாததால் அந்த வருஷ உற்சவத்தையும் நாமே நடத்தினோம். அடுத்த வருஷம் யாருடையது என்பதில்தான் எல்லாம் தொடங்கியது. வழக்கப்படி நம்முடையது என்றேன் நான். தன் அப்பாவின் முறை தள்ளிப்போனதால் இது தன்னுடையது என்றான் சுகுமாரன். விடுப்பில் வந்தவன் கோயில் பூட்டை மாற்றிவிட்டுச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டான். உட்கார்ந்து பேசியிருந்தால் ஒரு சாயங்காலத்தில் தீர்ந்திருக்கக்கூடிய காரியம்.

இப்போதைய நிலைமை உனக்குத் தெரியும். கோயிலை இத்தனை காலம் அரசு நியமித்த தக்கார் நடத்திவந்தார். சுகுமாரன் மகன் அனீஷ், தன்னைப் பரம்பரை அறங்காவலர் என்று அறிவிக்கும்படி அறநிலையத் துறையில் மனுக் கொடுத்தான். இணை ஆணையர் விசாரித்து அவனுக்குச் சாதகமாக உத்தரவு போட்டுவிட்டார். அதில் நம் வீட்டைப் பற்றி ஒரு சொல்கூட இல்லை. உனக்குக் கோபம் வந்தது நியாயம். "பொம்பளைக்கு முறை கெடையாது" என்று அனீஷ் ஊரில் சொல்லித் திரிகிறான் என்று கேள்விப்பட்டபோது எனக்கும் கோபம் வந்தது. ஆனால் கோயிலுக்கு யார் அறங்காவலர் என்ற கேள்வியை முதலில் கேட்கவேண்டியது அந்தத் துறையிடம். அதற்கென்று சட்டம் வழி வைத்திருக்கிறது. அப்படி வழி வைத்த விஷயத்தை நேராகக் குழித்துறை முன்சீப் கோர்ட் மாதிரி ஒரு கோர்ட்டுக்குக் கொண்டுபோகக் கூடாது என்றும் அதே சட்டம் சொல்கிறது. உத்தரவு கைக்கு வந்த நாளிலிருந்து அறுபது நாளுக்குள் சென்னையில் ஆணையரிடம் மேல்முறையீடு. உத்தரவை நிறுத்திவைக்கவும் அங்கேயே கேட்கலாம். அங்கே தோற்றால், அதன் பிறகு ஆணையரின் உத்தரவை எதிர்த்துக் கோர்ட்டில் வழக்கு. படி இப்படித்தான் போகிறது. ஒரு படியைத் தாண்டி அடுத்ததில் கால் வைத்தால், வருஷங்கள் கழித்து யாரோ ஒரு நீதிபதி, "நீங்கள் வரவேண்டிய இடம் இது இல்லையே" என்பார். அதற்குள் அறுபது நாள் என்றோ முடிந்திருக்கும். இன்றைக்கு இருபத்துநாலு நாள் ஆகிறது. இன்னும் நேரம் இருக்கிறது.

இங்கே நிற்காது என்றால் மதுரைக்குப் போய் உயர்நீதிமன்றக் கிளையில் ரிட் போடலாம் என்று உன் வக்கீல் சொன்னதாகச் சொன்னாய். நமக்கு நோட்டீஸே கொடுக்காமல் உத்தரவு போட்டுவிட்டார்கள், அது ஒன்று போதும் என்றாராம். உண்மையிலேயே நோட்டீஸ் வராதிருந்தால் அவர் சொன்னதில் பொருள் உண்டு. மக்களே, நோட்டீஸ் வந்தது. நான்தான் கையெழுத்துப் போட்டு வாங்கினேன். பீரோவில் உன் கல்யாண ஆல்பத்துக்கு அடியில் வைத்திருக்கிறேன். விசாரணைக்குப் போனால் சுகுமாரனை நேருக்கு நேர் பார்க்கவேண்டி வரும் என்று பயந்து போகாமல் இருந்துவிட்டேன். உன்னிடமும் சொல்லவில்லை. நீ மதுரையில் சத்தியம் செய்து கொடுக்கும் வாக்குமூலத்தில் 'நோட்டீஸ் வரவில்லை' என்று எழுதினால், எதிர்த்தரப்பு என் கையெழுத்தை எடுத்துக் காட்டும். அந்த நிமிஷம் உன் முகம் எப்படி இருக்கும் என்று நினைத்துப் பார்த்தேன். பிறகுதான் எழுத உட்கார்ந்தேன்.

இனி அந்த வருஷத்துக்கு வருகிறேன். சுகுமாரன் பூட்டை மாற்றிய மறுநாள் நான் லீவு எடுத்துக்கொண்டு என் வக்கீலிடம் போனேன். அவர் எனக்கு நன்றாகப் பழக்கமானவர். நான் சொன்னதைக் கேட்டுவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்தார். "சாரே, இது இங்க நிக்காது. எனக்குச் சொல்லித் தரவேண்டிய ஆளு நீங்க. டிபார்ட்மென்டுக்குப் போங்க" என்றார். அதற்கு நான் சொன்ன பதிலை இன்றுவரை மறக்க முடியவில்லை. "நிக்க வேண்டாம். ஒரு மாசம் நின்னாப் போதும். அதுக்குள்ள உற்சவம் கழிஞ்சிரும். அவனுக்கும் லீவு தீந்து பிளேன் ஏறிருவான்." அவர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். பிராதில் கோயில் நிர்வாகம், அறங்காவலர் என்ற சொல்லே வராமல் எழுதச் சொன்னேன். எங்கள் குடும்பச் சொத்து, அதில் நான் நுழைவதை எதிரி தடுக்கிறான், தடுக்கக் கூடாது, அவ்வளவுதான். எந்தச் சொல்லைக் கண்டால் ஆபீசில் பேனா நிற்கும் என்று எனக்குத் தெரியும். அந்தச் சொற்களை ஒவ்வொன்றாக எடுத்தேன். தெரியாதவன் வழி தவறிப் போனதுபோல் இல்லை இது. தெரிந்தே செய்தேன்.

இரண்டு நாளில் இடைக்காலத் தடை கிடைத்தது. எதிரிக்கு நோட்டீஸ் போய்ச் சேரவேண்டும். அவன் உத்தரவை மதிக்காவிட்டால் அதே கோர்ட்டில் போய்ச் சொல்லவேண்டும், போலீஸ் பாதுகாப்புக் கேட்கவேண்டும். இதையெல்லாம் எத்தனையோ பேருக்கு நான் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். எனக்குப் பொறுக்கவில்லை. நகல் கையில் வந்த மறுநாள் காலை, உன் அம்மாவையும் உறவில் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு கோயிலுக்குப் போனேன்.

சுகுமாரன் நடையில் நின்றான். கோயிலில் பூஜை செய்யும் மாதவன் போற்றி உச்சபூஜைக்கு ஒரு கை நிறையத் தெச்சிப் பூவோடு வந்துகொண்டிருந்தார். உனக்கு முதல் சோறு ஊட்டியவர் அவர். நான் தாளை நீட்டினேன். "அண்ணன் கொண்டாந்த பேப்பர் எனக்குத் தெரியாது. எனக்கு நோட்டீஸ் வரல்ல. வந்தா நான் சாவியத் தாறேன்" என்றான் சுகுமாரன். இன்று யோசித்தால், அன்று அங்கே சட்டப்படி பேசியவன் அவன் ஒருவன்தான். நான் கத்தினேன். அவனும் கத்தினான். குளத்தில் குளித்துக்கொண்டிருந்தவர்கள் ஈரத்துணியோடு ஓடிவந்தார்கள். போற்றி இடையில் வந்து நின்று என் கையைப் பிடித்தார். "ரெண்டு பேரும் எனக்கு வேண்டியவங்கதான். பூஜை கழியட்டு, பொறவு பேசலாம்" என்றார். "மாறும் போற்றி" என்று விலகச் சொன்னேன். அவர் கையை விடவில்லை.

நீ எழுதிய ஏழாம் பாராவில், 'எதிரியின் தந்தை சுகுமாரன் அர்ச்சகரைப் பிடித்துத் தள்ளிப் படுகாயம் ஏற்படுத்தினார்' என்று இருக்கிறது. ஊரே அப்படித்தான் நம்புகிறது. நீயும் அப்படித்தான் நம்பி வளர்ந்தாய். மக்களே, தள்ளியது நான். இரண்டு உள்ளங்கையையும் அவர் நெஞ்சில் வைத்துத் தள்ளினேன். அவர் பின்னால் இரண்டு படி இருந்தது. பலிக்கல்லின் விளிம்பில் தலை அடித்தது. அந்தச் சத்தத்தை எழுத எனக்கு முடியவில்லை.

நான் அசையாமல் நின்றேன். சுகுமாரன்தான் பாய்ந்து வந்து அவரைத் தூக்கினான். தலையை மடியில் வைத்துக்கொண்டு ஆட்டோவில் ஆசாரிபள்ளம் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனான். அவன் சட்டை முழுதும் ரத்தம். அந்தச் சட்டையோடு அவன் ஆஸ்பத்திரி வாசலில் நின்றதைத்தான் போலீஸ் பார்த்தது. என்னிடம் எஸ்.ஐ. வந்து, "யாரு தள்ளினது?" என்று கேட்டார். "கூட்டத்துல சரியாத் தெரியல்ல. அவந்தான் முன்னால நின்னான்" என்றேன். இந்த இரண்டு வாக்கியம் போதுமாக இருந்தது. நெரிசலில் மற்றவர்களுக்குச் சரியாகத் தெரியவில்லை, கூட வந்த உறவுக்காரர்கள் என்னைக் காட்டிக் கொடுக்கவில்லை, அவன் மறுத்ததை யாரும் நம்பவில்லை. அவனை ரிமாண்ட் செய்தார்கள். பாஸ்போர்ட் கோர்ட்டுக்குப் போனது. தம்மாம் வேலை போனது. கோயிலை ஆர்.டி.ஓ. பூட்டினார். அந்த வருஷம் உற்சவமே நடக்கவில்லை. போற்றி பிழைத்துக்கொண்டார், ஆனால் ஞாபகம் போய்விட்டது. அவரும் யாரையும் காட்டிக் கொடுக்கவில்லை, காட்டிக் கொடுக்க அவரிடம் ஒன்றும் மிஞ்சவில்லை. திற்பரப்பில் மகள் வீட்டில் இருந்தபோது ஒரு தடவை பார்க்கப் போனேன். என்னை வெகுநேரம் பார்த்துவிட்டு, "சாருக்கு எந்த ஊரு?" என்று மரியாதையாகக் கேட்டார். அதன் பிறகு போகவில்லை.

சுகுமாரன் மேல் போட்ட வழக்கு சாட்சி இல்லாமல் ஆறு வருஷம் கழித்து விடுதலையில் முடிந்தது. என் வழக்கு ஏழு வருஷம் நடந்தது. 'இதை விசாரிக்க இந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை' என்று தள்ளுபடியானது. அந்தத் தீர்ப்பில் ஒரு சொல்லும் எனக்குப் புதிதாக இல்லை. வழக்கைப் போடுவதற்கு முன்பே நானே எழுதியிருக்கக்கூடிய தீர்ப்பு அது.

அன்று கோயிலிலிருந்து திரும்பி நடந்து வரும்போது உன் அம்மா, "நான் கண்டேன்" என்றாள். அவ்வளவுதான். பதினெட்டு வருஷத்தில் அதற்கு மேல் ஒரு வார்த்தை அதைப்பற்றிப் பேசியதில்லை. அந்தக் கோயிலுக்கும் போனதில்லை. முட்டுவலி என்று நீ நினைத்தாய். நேற்று நான் ஃபோனை வைத்ததும் அவள் அடுக்களையிலிருந்து வந்து, "பிள்ளகிட்ட நீங்க சொல்லணும். இல்லாட்டி நான் சொல்லுவேன்" என்றாள். உன் பிராதை அவளும் படித்திருந்தாள்.

எனக்கு என்னென்ன பயம் என்று சொல்லிவிடுகிறேன். நீ ஒரு தாளைக் கையில் பிடித்துக்கொண்டு அந்த நடையில் நிற்பாய் என்று பயம். அந்தத் தாள் நம் கையில் இருக்கும்போது நமக்குள் என்ன புகுந்துகொள்ளும் என்று எனக்குத் தெரியும். எதிரில் நிற்பது சுகுமாரன் இல்லை, அனீஷ். அவனுக்கு என் வயசின் நிதானமும் கிடையாது, அவன் அப்பாவின் பொறுமையும் கிடையாது. ஜெயிலுக்குப் போன அப்பாவைப் பார்த்து வளர்ந்தவன். கூட்டத்தில் யார் யாரைத் தள்ளுவார்கள் என்று யாருக்குத் தெரியும்? போலீஸ் வந்து கதவைத் தட்டும் என்று பயம். எல்லாவற்றையும்விட, இதைப் படித்து முடித்ததும் நீ என்னை எப்படிப் பார்ப்பாய் என்று பயம். நேற்றுச் சாயங்காலம் முழுவதும், இந்தக் கடிதத்தில் மேல்முறையீடு பற்றி மட்டும் எழுதி நிறுத்திவிடலாமா என்று யோசித்தேன். பாதி எழுதி நிறுத்தியும் வைத்தேன். ஆனால் ஏழாம் பாராவைச் சும்மா அடிக்கச் சொன்னால் நீ காரணம் கேட்பாய். காரணம் சொல்லாவிட்டால் அதை அப்படியே வைத்துச் சத்தியம் செய்வாய். என் பொய்யை நீ உன் பெயரில் கோர்ட்டில் பதிவு செய்வாய்.

ஆகவே மேல்முறையீடு செய். நம் வீட்டுக்கும் முறை உண்டு என்பது உண்மை. பழைய உற்சவ நோட்டீஸ்கள், கல்வெட்டின் படம் எல்லாம் என்னிடம் இருக்கிறது, தருகிறேன். பெண் என்பதால் உனக்கு உரிமை இல்லாமல் போகாது, அதையும் அங்கே கேள். நோட்டீஸ் வந்தது, அப்பா பயந்து போகவில்லை என்று உள்ளதை உள்ளபடி எழுது. இந்தக் கடிதத்தை எதிர்த்தரப்பு உனக்கு எதிராகக் காட்டலாம். அர்ச்சகரை அடித்த வீட்டாருக்கு என்ன முறை என்று கேட்கலாம். அதனால் நீ தோற்கவும் செய்யலாம். தெரிந்தேதான் எழுதுகிறேன். உற்சவத்தன்று மட்டும், உன் பக்கம் எந்த உத்தரவு இருந்தாலும், அதைத் தூக்கிக்கொண்டு கோயிலுக்குப் போகாதே. உத்தரவைக் கொண்டு சேர்க்கக் கோர்ட்டில் ஆள் இருக்கிறது.

இதுவரை நேற்று எழுதினேன். இனி எழுதுவது இன்றைக்கு மத்தியானம்.

இன்று காலையில் இதை நகலெடுத்துக்கொண்டு நானும் உன் அம்மாவும் மார்த்தாண்டத்துக்கு பஸ் ஏறினோம். சுகுமாரன் அங்கே வாழைக்குலைக் கடை வைத்திருக்கிறான். உன்னிடம் கேட்காமல் ஏன் போனேன் என்றால், நீ முதலில் படித்திருந்தால் "வேண்டாம்பா" என்று சொல்லியிருப்பாய். அந்த ஒரு சொல்லுக்காக நான் பதினெட்டு வருஷமாகக் காத்திருந்தவன். உடனே நின்றுவிடுவேன்.

கடை வாசலிலேயே நான் நின்றுவிட்டேன். உன் அம்மாதான் தாளை வாங்கிக்கொண்டு முன்னால் போனாள். சுகுமாரன் அவளைப் பார்த்து எழுந்து, "அண்ணியா? இரிங்க" என்று ஸ்டூலை இழுத்துப் போட்டான். முடியெல்லாம் நரைத்துவிட்டது அவனுக்கு. படிக்கத் தொடங்கினான். மெதுவாகப் படித்தான். ஒரு பக்கத்தைத் திருப்பி மறுபடி படித்தான். அனீஷ் உள்ளேயிருந்து வந்து அப்பாவின் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தான். அவன் முகம் மாறுவதை நான் பார்த்தேன். "இத நான் வக்கீல்கிட்ட கொடுப்பேன். போலீஸ்லயும் கொடுப்பேன்" என்றான். "கொடு மக்கா" என்றேன். அவன் ஒரு அடி முன்னால் வந்தான். சுகுமாரன் கையை நீட்டி அவனைத் தடுத்தான்.

திட்டுவான், அடிப்பான், குறைந்தது அந்தத் தம்மாம் வேலையைப் பற்றிக் கேட்பான் என்று நினைத்திருந்தேன். எல்லாவற்றுக்கும் மனசைத் தயார் செய்து வைத்திருந்தேன். அவன் தாளை நாலாக மடித்துச் சட்டைப் பையில் வைத்தான். பிறந்ததிலிருந்து என்னை அண்ணன் என்றுதான் கூப்பிட்டிருக்கிறான், சண்டையிலும்கூட. இன்றைக்கு முதல் தடவையாக நீ என்றான்.

"போற்றி சாவக் கெடந்தாரே. நீ போனியா?"

"போகல்ல" என்றேன்.

"நான் போனேன்" என்றான். பிறகு எங்களுக்கு முதுகைக் காட்டித் திரும்பி, வந்து நின்ற வண்டியிலிருந்து குலை இறக்கப் போய்விட்டான்.

பஸ்ஸில் வரும்போது உன் அம்மா ஜன்னல் பக்கம் உட்கார்ந்து வந்தாள். வீட்டுக்கு வந்து இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். தெருவில் பைக் சத்தம் கேட்டால் பேனாவை வைத்துவிட்டு எழுந்து நிற்கிறேன். இதுவரை யாரும் வரவில்லை. வந்தால் சட்டையை மாட்டிக்கொண்டு கூடவே போவேன். கோபம் தீர்ந்து உனக்கு எப்போது வரத் தோன்றுகிறதோ அப்போது வா. அதுவரைக்கும் என்னைக் காப்பாற்றுவதற்காக எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடாதே.

உன் அப்பா